இடப்பூவுக்குச் சந்தனம்

நான் அதிகம் பேசுகிறவன் இல்லை. கடைக்கு வருகிறவர்களிடம் எத்தனை காப்பி, ஒரு பக்கமா இரண்டு பக்கமா என்று கேட்பதற்கு மேல் எனக்குப் பேச்சு வராது. நாற்பத்தைந்து வயது வரை மனதில் பூட்டி வைத்திருந்த ஒரு விஷயத்தை ஒரே ஒரு ஆளிடம் சொன்னேன். அவன் அதை எடுத்து ஒரு வீடியோ கேமுக்குள் வைத்துவிட்டான். எங்கெங்கோ இருக்கிறவர்கள் இப்போது அதை விளையாடுகிறார்கள். அது யாருடைய கதை என்று அவர்களுக்குத் தெரியாது. தெரியவே கூடாது என்று நான் நினைத்த ஒருத்திக்குத் தெரிந்துவிட்டது.

அந்த ஒருத்தி என் தங்கை. நான் சொன்னது அவள் கணவனிடம்.

பாப்பாரப்பட்டியில் என் கடை இப்போது ஜெராக்ஸ் கடை. சாதிச் சான்றிதழ், வருமானச் சான்றிதழ், பட்டா மாறுதல் எல்லாவற்றுக்கும் ஆன்லைனில் விண்ணப்பம் போட்டுக் கொடுக்கிறேன். பதினாறு, பதினேழு வருடங்களுக்கு முன்னால் அது பிரவுசிங் சென்டர். நான்கு கம்ப்யூட்டர்கள், நடுவில் பிளைவுட் தடுப்பு, சுவரில் ஒரு மின்விசிறி. பக்கத்துக் கடையில் செல்போன் பழுது பார்க்க அரூரிலிருந்து ஒருவன் வந்து சேர்ந்தான். என்னைவிட மூன்று வயது சின்னவன். மதியம் இரண்டு கடையிலும் ஆள் இருக்காது. அவன் எழுந்து வந்து என் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்காருவான். ஒரே கீபோர்டில் இரண்டு பேர் ஆடும் சண்டை கேம் ஒன்று இருந்தது. இடப்பக்க எழுத்துகள் எனக்கு, அம்புக்குறிகள் அவனுக்கு.

ஒருவன் முகத்தைப் பார்த்துப் பேசுவதென்றால் எனக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். திரையைப் பார்த்துக்கொண்டு பேசுவது அப்படியில்லை. தோளோடு தோள் உட்கார்ந்து, கண் திரையிலும் விரல் பொத்தானிலும் இருக்கும்போது வாய் தானாகத் திறந்துகொண்டது. முப்பது வயதில்தான் எனக்கு ஒரு கூட்டாளி கிடைத்தான் என்று சொல்லலாம்.

தங்கை அப்போது பிளஸ் டூ முடித்திருந்தாள். மதியம் எனக்குச் சோறு கொண்டு வருவாள். தூக்குச்சட்டியை மேசையில் வைத்துவிட்டு எங்கள் பின்னால் நிற்பாள்.

"அண்ணா, எடப்பக்கம் போ. அவன் அங்கதான் ஒளிஞ்சிருக்கான்."

அவள் சொன்ன இடத்தில் எதிரி இருப்பான். ஒரு நாள் நான் கை கழுவப் போயிருந்த நேரத்தில் என் இடத்தில் உட்கார்ந்து ஆடி, நாங்கள் ஒரு வாரமாகத் தாண்டாத கட்டத்தைத் தாண்டிவிட்டாள். அவன் ஸ்டூலில் திரும்பி என்னைப் பார்த்தான்.

"உங்க தங்கச்சிய வெச்சுக்கிட்டு எதுக்குங்க நாம ரெண்டு பேரும் ஆடிக்கிட்டு இருக்கோம்?"

அதற்கு ஆறு மாதம் கழித்து அவன் வீட்டிலிருந்து பெண் கேட்டு வந்தார்கள்.

அப்பாவுக்குப் பாதி சம்மதம், அம்மாவுக்கு முழுச் சம்மதம். தங்கைதான் பிடி கொடுக்கவில்லை. சேலத்தில் நர்சிங் படிக்க விண்ணப்பம் வாங்கிப் பூர்த்தி செய்து வைத்திருந்தாள். போட்டோ ஒட்டியாகிவிட்டது, அனுப்ப வேண்டியதுதான் பாக்கி. மாப்பிள்ளையைப் பிடிக்கவில்லை என்றும் அவள் சொல்லவில்லை. இரண்டு நாள் யோசித்துவிட்டு, "வேடியப்பன்கிட்ட பூ கேளுங்க" என்றாள்.

"நீ என்ன நெனைக்கிற, அதச் சொல்லு" என்றார் அப்பா.

"என்னக் கேட்டா எனக்கே ரெண்டு பக்கமா இருக்குதுப்பா. உங்க யாரக் கேட்டாலும் ஒரு பக்கமாத்தான் பேசுவீங்க. கல்லுக்கு வேண்டியவங்க, வேண்டாதவங்கன்னு யாரும் இல்ல. அது சொல்லட்டும்."

எங்கள் காட்டு ஓரத்தில் புளிய மரத்தடியில் இருக்கிறது அந்தக் கல். இடுப்பளவு உயரம். வில் பிடித்த ஒரு ஆள் செதுக்கியிருக்கும். இடது மேல்மூலை உடைந்திருக்கும். மாடு பிடிக்க வந்தவர்களோடு சண்டை போட்டுச் செத்தவனுக்கு, செத்த இடத்திலேயே நட்ட கல் என்று சொல்வார்கள். எங்கள் பங்காளிகளுக்கு அதுதான் குலசாமி வேடியப்பன்.

பூ கேட்பது இப்படி. கல்லைக் கழுவி, ஈரம் காயும் முன் இரண்டு தோளிலும் ஒவ்வொரு அரளிப்பூவை ஒட்டுவார்கள். தண்ணீர்தான் பூவைப் பிடித்துக்கொண்டிருக்கும். ஈரம் காயக் காய ஏதாவது ஒன்று முதலில் விழும். வலப்பூ விழுந்தால் சாமி சம்மதம், இடப்பூ விழுந்தால் வேண்டாம். அதுவரை யாரும் பேசக் கூடாது, கல்லைத் தொடக் கூடாது. ஒரு காரியத்துக்கு ஒரு தரம்தான் கேட்கலாம். மறுபடி கேட்டால் அது சாமியைச் சந்தேகப்படுவது.

பூ வைப்பது பூசாரிப் பெரியப்பாவின் வேலை. அந்த வாரம்தான் தருமபுரியில் அவருக்குக் கண் ஆபரேஷன் ஆகியிருந்தது. கண்ணுக்கு மேல் பச்சைத் துணி தொங்கவிட்டுக்கொண்டு வந்திருந்தார்.

"எனக்குக் கிட்டத்துல இருக்கறது தெரியல. தம்பி, நீ வைடா" என்று என்னைக் கூப்பிட்டார். "இருக்கறவங்கள்ல நீதான் சூதுவாது இல்லாதவன்."

அதிகம் பேசாதவனுக்குச் சூது இருக்காது என்று ஊரில் ஒரு நம்பிக்கை. கை அதுவாகச் செய்துவிட்டது என்று எழுத எனக்கும் ஆசைதான். அது பொய். முதல் நாளே யோசித்து வைத்திருந்தேன். வேறு யார் பூ வைத்தாலும் நான் பக்கத்தில் சந்தனக் கிண்ணத்தோடு நிற்பேன், எப்படியாவது விரல் படும் என்று. கிண்ணத்தோடு பூவையும் சேர்த்துப் பெரியப்பாவே என் கையில் கொடுத்துவிட்டார். கல்லின் நெற்றிக்குச் சந்தனம் வைத்தேன். விரலில் மிச்சம் இருந்ததை இடப்பூவின் பின்பக்கம் தடவி, அழுத்தி ஒட்டினேன். வலப்பூவுக்கு வெறும் தண்ணீர்.

எதற்காகச் செய்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். இந்தச் சம்பந்தம் நடக்காவிட்டால் பெங்களூருக்குப் போய்விடுவேன் என்று அவன் சொல்லியிருந்தான். "பொண்ணும் குடுக்காத ஊர்ல எனக்கு என்னங்க வேல?" என்று சிரித்துக்கொண்டுதான் சொன்னான். எனக்கு அந்த ஸ்டூல் காலியாகிவிடும் என்பது மட்டும்தான் தெரிந்தது. தங்கையின் விண்ணப்பம் என் மேசை இழுப்பறையில்தான் இருந்தது. தினமும் அதைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்.

வலப்பூ விழுந்தது. அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டாள். தங்கை கல்லைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். நான் கையை வேட்டியில் துடைத்தேன்.

மறுநாள் கடைக்குச் சோறு கொண்டுவந்தபோது, "அந்த ஃபாரத்த ரஃப் பேப்பர்ல போட்டுக்கோண்ணா" என்றாள். போட்டோவை மட்டும் பிய்த்து எடுத்துக்கொண்டாள். விண்ணப்பத்தின் பின்பக்கத்தில் யாருக்கோ டெஸ்ட் பிரிண்ட் எடுத்தேன்.

கல்யாணமாகி எட்டாவது மாதம் அவன் பெங்களூர் போனான். தங்கையையும் கூட்டிக்கொண்டு.

ஊர் முன்னால் நான் அவனை "வாங்க மாப்ள, போங்க மாப்ள" என்று கூப்பிட ஆரம்பித்திருந்தேன். போனில் மட்டும் பழையபடி வாடா போடா. அவன் அங்கே முதலில் செல்போன் கடை, பிறகு கேம்களில் என்ன தப்பு இருக்கிறது என்று ஆடிப் பார்த்துச் சொல்லும் வேலை, பிறகு ஒரு சின்ன கேம் கம்பெனியில் கதை எழுதும் வேலை என்று மேலே போனான். தங்கைக்கு ஒற்றை அறை வீடு. மாமியார் பக்கவாதம் வந்து படுத்தபோது அரூரிலிருந்து அங்கே கொண்டுபோனார்கள். ஆறு வருடம் அவள்தான் புரட்டிப் படுக்க வைத்து, துடைத்து, ஊட்டிவிட்டாள். நர்ஸ் வேலைதான். சட்டை மட்டும் வெள்ளை இல்லை.

அம்மா போனில் அழும்போதெல்லாம் அவள் ஒன்றையே சொல்வாள். "சாமி பாத்துக் குடுத்த எடம்மா. ஏதாவது காரணம் இருக்கும்." அம்மா ஸ்பீக்கரில் போட்டுப் பேசுகிறவள். எனக்கும் கேட்கும். நான் எழுந்து வாசலுக்குப் போய்விடுவேன்.

முதலில் சொன்னேனே, அந்த கேம் எனக்கு அவன் வாங்கிக் கொடுத்தது. பெயரை எழுத விரும்பவில்லை. ரோக்லைக் என்பார்கள் அந்த வகையை. செத்தால் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். வழியும் அறைகளும் எதிரிகளும் ஒவ்வொரு தடவையும் இடம் மாறியிருக்கும். சேர்த்த ஆயுதம் எல்லாம் போய்விடும். வழியில் கிடைக்கும் வரங்களை வைத்துக்கொண்டு எவ்வளவு தூரம் போக முடிகிறதோ அவ்வளவு தூரம். எனக்கு அது பிடித்துப்போயிற்று. கடையில் ஆள் இல்லாத நேரத்தில் ஒரு ஆட்டம், செத்தால் இன்னொன்று.

இரண்டு வருடம் முன்பு ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் போன் செய்தான்.

"மச்சான், நீ ஆடற கேமுக்குப் புதுசா ஒரு பகுதி வருது. நம்ம பக்கத்துச் சாமிங்கள வெச்சு. அந்த வெளிநாட்டுக் கம்பெனி எங்களுக்குத்தான் வேல குடுத்திருக்கு. இங்க ஒருத்தனுக்கும் சாமி கத தெரியல. எல்லாம் டிவி பாத்து வளந்த பசங்க. நீ சொல்லு."

எட்டு மாதம், ஞாயிறு தவறாமல் சொன்னேன். என் வாழ்நாளில் அவ்வளவு பேசியதில்லை. மண் குதிரைகள், காவல் நாய், பாரதக் கூத்தின் கடைசி நாள் மண்ணில் படுக்க வைக்கும் துரியோதனன், அவன் தொடையில் கூத்தாடி அடிக்கும் அடி. கேட்டுக்கொண்டிருந்தவனுக்கு எல்லாவற்றையும்விடக் கல் பிடித்திருந்தது.

"செத்த எடத்துலயே கல்லு. இது கேமுக்குன்னே செஞ்ச மாதிரி இருக்கு மச்சான். ஆடறவன் செத்தா அங்க ஒரு கல்லு மொளைக்கட்டும். அதுல அவன் ஒரு வரி எழுதி வெக்கலாம். அவன் கூட்டாளிங்க ஆடும்போது அந்தக் கல்லு அவங்க வழியில வரும். பூ வெச்சுட்டுப் போலாம்."

என் பேச்சு ஒருவனுக்குப் பயன்படுகிறது என்பதில் எனக்கு வெளியே சொல்ல முடியாத பெருமை. எங்கள் கல்லைப் போட்டோ எடுத்து அனுப்பினேன். பூ கேட்பதைச் சொன்னதும் அவன் துள்ளிவிட்டான். ஆடுகிறவன் வரம் கேட்பான், எது விழும் என்று அவனுக்குத் தெரியாது, விழுந்ததை வைத்துக்கொண்டுதான் ஆட வேண்டும். அவர்களுக்கு வேண்டியதே அதுதான்.

"பூ எப்பவுமே சாமி சொல்லித்தான் விழுமா? யாரும் கோல்மால் பண்ண முடியாதா?" என்று கேட்டான்.

சும்மா கேட்டான். முடியாது என்று சொல்லியிருக்கலாம். எட்டு மாதம் பேசிப் பழகிய வாய், நிற்கவில்லை. சந்தனம் தடவியதைச் சொன்னேன். ஸ்டூலைப் பற்றியும் சொன்னேன். அவன் அழுதுவிடுவான், அல்லது என்னை இன்னும் நெருக்கமாக நினைப்பான் என்று எதிர்பார்த்தேனோ என்னவோ.

 அவன் சிரித்தான். "அடப்பாவி மச்சான். அப்ப எனக்குப் பொண்ணு குடுத்தது சாமி இல்லியா?"

"அவகிட்ட மட்டும் சொல்லிராதடா."

"சே. சொல்வனா?"

அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமை போன் குறைந்தது. வேலை முடிந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டேன்.

போன ஆடியில் பொங்கல் வைக்க வந்தார்கள். அந்த வாரம்தான் கேமின் புதுப் பகுதி வெளிவந்திருந்தது. வேடியப்பனுக்குப் பொங்கல் வைத்து, வீட்டுக்கு வந்து சாப்பிட்டு முடித்ததும் அவன் லேப்டாப்பை எங்கள் டிவியில் மாட்டினான். அம்மா, சித்தப்பா, பங்காளி வீட்டுப் பெண்கள் இரண்டு பேர், தங்கை எல்லாரும் கூடத்தில் உட்கார்ந்தார்கள். நான் மூலையில், கதவுக்குப் பக்கத்தில்.

திரையில் எங்கள் காடு வந்தது. புளிய மரம் வந்தது. கல் வந்தது. இடது மூலை உடைந்த அதே கல். அம்மா உட்கார்ந்த இடத்திலிருந்தே டிவியைப் பார்த்துக் கும்பிட்டாள்.

"ஏன் மாப்ள, எங்க சாமிய எடுத்துக்கிட்டுப் போயிட்டீங்களே, எங்ககிட்ட ஒரு வார்த்த கேட்டீங்களா?" என்றார் சித்தப்பா.

"சாமிகிட்டயே பூ கேட்டுட்டேங்க. வலப்பக்கம்தான் உழுந்துச்சு."

எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அவன் ஆடிக்கொண்டே விளக்கினான். அவனுடைய வீரனோடு கூடவே ஒரு பெண் நடந்து வந்தாள். கையில் விளக்கு. அவள்தான் இருட்டு அறைகளில் வழி காட்டுவாளாம். "எடப்பக்கம்" என்று எழுத்தில் சொன்னாள், அங்கே எதிரி இருந்தான். தங்கை அதைப் பார்த்துப் புன்னகைத்தாள்.

கல்லுக்கு முன்னால் வந்ததும் மரத்துக்குப் பின்னாலிருந்து ஒரு உருவம் வந்தது. கழுத்தைக் குனிந்துகொண்டு, யாருடைய முகத்தையும் பார்க்காமல், வலது கையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டு நின்றது.

"இது யாரு, அப்பிடியே நம்ம பெரியவனாட்டம் நிக்கிறான்?" என்றார் சித்தப்பா. மறுபடி சிரிப்பு.

உருவம் கையை முன்னால் நீட்டியது. கையில் சந்தனக் கிண்ணம். கீழே எழுத்து வந்தது.

"என்ன போட்டிருக்கு, எனக்குத் தெரியல" என்றாள் அம்மா.

"இரும்மா, நான் படிக்கிறேன்" என்று தங்கை படித்தாள். "சந்தனக் கை. இடப்பூவை ஒட்டிவிடு. நீ கேட்டது உனக்குக் கிடைக்கும். கூட வருகிறவளின் உயிர்..."

அதோடு நிறுத்தினாள். மீதியை நான் படித்தேன். பாதியாகக் குறையும்.

அவன் அவசரமாக ஏதோ பொத்தானை அழுத்தினான். உருவம் போய்விட்டது.

"பின்னால போங்க" என்றாள் தங்கை.

"போக முடியாது. செத்தாத்தான் மறுபடி வரும்."

அவள் என் பக்கம் திரும்பினாள். உப்பு எங்கே வைத்திருக்கிறாய் என்று கேட்பது போலத்தான் கேட்டாள்.

"அண்ணா. அன்னிக்கு உன் கையில சந்தனம் இருந்துச்சில்ல?"

நான் தரையைப் பார்த்தேன்.

"எந்த அன்னிக்கு?" என்றார் சித்தப்பா. திரையில் அவன் வீரன் ஆடாமல் நின்றதால் நாலு பேர் சேர்ந்து அடித்துக் கொன்றார்கள். அந்த இடத்தில் ஒரு கல் முளைத்தது.

தங்கை எழுந்து போய்ப் பாத்திரம் கழுவினாள். நாலு மணிக்கு எல்லாருக்கும் டீ கொடுத்தாள். எனக்கும் கொடுத்தாள், டம்ளரைக் கையில் தராமல் பக்கத்தில் வைத்துவிட்டுப் போனாள். தருமபுரியில் ரயில் பிடிக்கக் கிளம்பும்போது அம்மாவிடம் மட்டும் "வரேம்மா" என்றாள்.

மறுநாள் நானே அவனுக்குப் போன் செய்தேன்.

"ஏன்டா இப்பிடிப் பண்ணுன?"

"பேரு போட்டனா? ஊரு போட்டனா? அவளே வந்து படிப்பான்னு எனக்கு எப்பிடித் தெரியும்?"

"அவ முன்னாலயே ஆடிக் காட்டுனியே."

"அந்த ஆளு எந்த அறையில வருவான்னு எனக்கும் தெரியாது மச்சான். அது அதுவா மாறி மாறி வர்றது. நான் என்ன பண்ணட்டும்?"

"கூட வர்றவளுக்குப் பாதி உசுருன்னு எழுதுனது நீதான?"

"வரத்துக்கு ஒரு வெல வெக்கணும். இல்லன்னா எல்லாரும் அதையே எடுப்பாங்க."

"உன்ன நம்பித்தானடா சொன்னேன்."

 அவன் குரல் வேறு மாதிரி ஆனது.

"அவளும் உன்ன நம்பித்தான் பூ வெக்க உட்டா. நான் மட்டும் என்ன? பதினஞ்சு வருசமா சாமி குடுத்த பொண்டாட்டின்னு சொல்லிக்கிட்டுத் திரிஞ்சேன். எங்கம்மா சாகும்போதுகூட அதத்தான் சொல்லிட்டுச் செத்தாங்க. கடசீல பாத்தா நீ குடுத்ததாம், பக்கத்துல ஸ்டூல்ல உக்கார ஆளு வேணும்னு. அதக் கேட்டுட்டு நான் சிரிச்சுட்டுப் போயிரணும். இல்ல?"

போனை வைத்துவிட்டான். அதற்குப் பிறகு இன்று வரை நாங்கள் பேசவில்லை.

அவன் சொன்னதில் நியாயம் இருக்கிறது என்று இப்போது எழுத முடிகிறது. அந்த மாதங்களில் எனக்கு அப்படித் தோன்றவில்லை. கோபம்தான் இருந்தது. வாய் திறக்காதவன் ஒரே ஒரு தடவை வாய் திறந்ததற்கு இதுவா என்று. இணையத்தில் யார் யாரோ அந்த கேமை ஆடும் வீடியோக்களைத் தேடித் தேடிப் பார்த்தேன். குனிந்த உருவம் வரும்போதெல்லாம் சிரிக்கிறார்கள். கூன் முதுகுக்காரன் வந்துட்டான் என்கிறார்கள். தமிழில் பேசி ஆடும் ஒருவன் சொன்னான்: "சந்தனக் கை வந்தா யோசிக்காம எடுத்துருங்க. கூட வர்றவ எப்பிடியும் பாதி வழியில செத்துருவா. அவ உசுர வெச்சு நாம என்ன பண்ணப் போறோம்?" அவனுக்கு ஒன்றும் தெரியாது. வெறும் ஆட்டக்காரன். ஆனால் கடையைப் பாதிச் சாத்திவிட்டு அந்த வீடியோவை மூன்று தடவை பார்த்தேன்.

தங்கைக்குப் போன் செய்தால் எடுக்கவில்லை. அம்மாவிடம் பேசினாள். ஸ்பீக்கரில் கேட்டேன். மழை, தண்ணீர், பால் என்று பேசினாள். சாமி பார்த்துக் கொடுத்த இடம் என்பதை மட்டும் பிறகு ஒரு தடவையும் சொல்லவில்லை. அம்மாவே ஒரு நாள் எடுத்துக் கொடுத்தாள். "எல்லாம் சாமி..." என்று ஆரம்பித்தாள். "அத உடும்மா" என்றாள் தங்கை. அவ்வளவுதான். கஷ்டம் வந்தபோதெல்லாம் அவள் சாய்ந்துகொள்ள ஒரு கல் இருந்தது. அதை நான் ஒரு தடவை பொய்யாக்கினேன், அவன் இன்னொரு தடவை உடைத்தான்.

நான் புதுப் பகுதியை ஆடாமல்தான் இருந்தேன். ஐப்பசியில் மழை பிடித்துக்கொண்டு கடைக்கு யாரும் வராத ஒரு மதியம், போட்டுப் பார்த்தேன். நாலாவது அறையில் வழியோரம் ஒரு கல் நின்றது. யாரோ தெரிந்தவர் செத்த இடம். எனக்கு அந்த கேமில் தெரிந்தவன் ஒருவன்தான். கல்லின் மேல் இருந்த பெயர் அவனுடையது இல்லை. பிரவுசிங் சென்டர் நாளில் தங்கைக்கு நான் உண்டாக்கிக் கொடுத்த முதல் ஈமெயிலின் பெயர்.

அவள் ஆடிக்கொண்டிருந்தாள். என்னையும் அவளே கூட்டாளிப் பட்டியலில் சேர்த்திருந்தாளா, அவன் ஒரே வீட்டுக் கணக்காகப் போட்டிருந்ததில் தானாகச் சேர்ந்ததா, எனக்குத் தெரியாது. செத்தபோது கையில் என்னென்ன வைத்திருந்தாள் என்று கல்லில் தெரியும். வில், ஒரு கத்தி, இரண்டு வரம். சந்தனக் கை இல்லை. கூட வருகிறவள் முழு உயிரோடு இருந்தாள் என்று காட்டியது. எழுத வேண்டிய வரி காலியாக இருந்தது. நான் ஒரு பூ வைத்தேன். பூ வைத்தால் கல்லுக்கு உரியவருக்குத் தகவல் போகும்.

அடுத்த நாள் ஆறாவது அறையில் ஒரு கல். அதற்கடுத்த நாள் பதினோராவது அறையில். எப்போதும் மதியம் இரண்டு மணிக்கு மேல். அவன் வேலைக்குப் போயிருக்கும் நேரம். ஒவ்வொரு நாளும் தூரம் கூடிக்கொண்டே போனது. எந்தக் கல்லிலும் சந்தனக் கை இல்லை. வந்திருக்கும், அவள் எடுத்திருக்க மாட்டாள். நான் ஒவ்வொரு கல்லுக்கும் பூ வைத்துக்கொண்டே பின்னால் போனேன். அவள் அளவுக்கு எனக்கு ஆட வராது. சில நாள் அவள் கல்லுக்குப் போய்ச் சேருவதற்கே பத்துத் தடவை சாக வேண்டியிருந்தது.

எட்டாவது நாளோ ஒன்பதாவது நாளோ, அவள் கல்லில் வரி இருந்தது.

"பூ வைக்காதே."

கீபோர்டிலிருந்து கையை எடுத்துவிட்டேன். வெளியே மழை விட்டிருந்தது. ஒருவர் ஆதார் அட்டையோடு வந்து நின்றார், இரண்டு பக்கமும் ஒரு காப்பி எடுத்துக் கொடுத்தேன். திரும்பி வந்தபோது என் வீரன் அந்தக் கல்லுக்கு முன்னால் அப்படியே நின்றுகொண்டிருந்தான். பூ வைக்கவும் இல்லை, நகரவும் இல்லை. ஒரு நிமிடம் கழித்து எதிரிகள் வந்தார்கள். நான் தடுக்கவில்லை.

அவன் விழுந்த இடத்தில், அவள் கல்லுக்குப் பக்கத்தில் என் கல் முளைத்தது. ஒரு வரி எழுதுகிறாயா என்று கேட்டது. அதுவரை எத்தனையோ தடவை செத்திருக்கிறேன், ஒரு தடவையும் எழுதியதில்லை. அன்றைக்கு நெடுநேரம் யோசித்தேன். மன்னித்துவிடு என்று அடித்து அழித்தேன். ஏன் செய்தேன் என்று எழுத ஆரம்பித்தேன், ஒரு வரிக்குள் அடங்கவில்லை. அது அவள் கேட்ட கேள்வியும் இல்லை. கூடத்தில், எல்லார் முன்னாலும், அவள் என்னிடம் ஒன்றுதான் கேட்டாள்.

"ஆமா. இருந்துச்சு" என்று எழுதினேன்.

மறுநாள் மதியம் போய்ப் பார்த்தேன். என் கல்லுக்குக் கீழே, ஒருவர் படித்தார் என்று இருந்தது. பூ இல்லை.